கழுத்தில் ஓட்டையோடு ஈப்போவுக்கு

மலேசியாவில் என் கலையை முதலில் புரிந்துகொண்டவர் ஒரு டாக்சிக்காரர். தப்பாகப் புரிந்துகொண்டார் என்பது வேறு விஷயம்.

என்னைப் பற்றிக் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் மேலே எதுவும் விளங்காது. மதுரைப் பக்கம் ஸ்பெஷல் நாடகத்தில் வெகுகாலம் ராஜபார்ட்டாக இருந்தவன் நான். மைக் கெட்டுப்போனாலும் கடைசி வரிசையில் தூங்குகிறவனை எழுப்பிவிடுகிற தொண்டை. எழுபதுகளின் கடைசியில் அதில் புற்று வந்தது. சென்னையில் குரல்வளையை முழுசாக எடுத்துவிட்டு, மூச்சுவிடுவதற்குக் கழுத்தில் காலணா அளவுக்கு ஓர் ஓட்டை வைத்து அனுப்பினார்கள். அப்புறம் காற்றை விழுங்கி, அதை ஏப்பமாக வெளியே விட்டு, ஏப்பத்திலேயே வார்த்தைகளை உருட்டப் பழகினேன். ஒரு ஏப்பத்துக்கு ஒரு வார்த்தை. நல்ல சாப்பாடு சாப்பிட்டிருந்தால் இரண்டு.

ஏப்பத்தில் பேசுகிற ராஜாவுக்கு எந்த நாடகத்திலும் வேடம் இல்லை. அதனால் எனக்கு நானே ஒன்று தயார்பண்ணிக்கொண்டேன். மேடையில் தனியாக உட்கார்ந்து என் வியாதியை நானே நடித்துக் காட்டுவது. 'ஓட்டை' என்று பெயர். சென்னையில் படித்தவர்கள் பார்த்துவிட்டு 'உடலே பிரதியாகும் சுயசரிதை நிகழ்கலை' என்று எழுதினார்கள். பிழைப்புப் போனவன் வேறு என்ன செய்வான் என்று ஒருவரும் எழுதவில்லை. அதைப் பார்த்த ஈப்போ டாக்டர் ஒருவர் கூப்பிட்டுத்தான் எண்பதுகளின் தொடக்கத்தில் அந்தப் பக்கம் போனேன்.

டாக்சிக்கு வருகிறேன். ஆள் சேர்த்து ஏற்றிக்கொண்டு ஊர்விட்டு ஊர் போகிற டாக்சி. ஓட்டியவர் வயதான சீனர். என் பக்கத்தில், பத்து காஜா என்கிற ஊர்க்காரத் தமிழர் ஒருவர் உட்கார்ந்திருந்தார்.

"எங்கேருந்து வாரீங்க அண்ணே?" என்று கேட்டார் அவர்.

காற்றை விழுங்கி, "மதுரை" என்றேன். எங்கே போகிறீர்கள் என்றார். இன்னொரு ஏப்பம் விட்டு "ஈப்போ" என்றேன். சீனர் கண்ணாடியில் என்னைப் பார்த்து மலாயில் ஏதோ சொன்னார்.

"ஒங்க ஒடம்புல அங்கின் பூந்துருச்சாம். அங்கின்னா காத்துண்ணே. எண்ணெ தேச்சா சரியாயிரும்ங்கிறாரு லா" என்று மொழிபெயர்த்தார் பத்து காஜாக்காரர். அங்கே பேச்சுக்குப் பேச்சு கடைசியில் ஒரு 'லா' ஒட்டிக்கொள்ளும், அர்த்தம் கிடையாது.

நம் ஊரில் எல்லாவற்றுக்கும் காரணம் உடம்புச் சூடு. அங்கே எல்லாவற்றுக்கும் காரணம் காற்று. சீனர் ஒரு கையால் ஸ்டியரிங்கைப் பிடித்துக்கொண்டு இன்னொரு கையால் பச்சை எண்ணெய்ப் புட்டியைப் பின்னால் நீட்டினார். பத்து காஜாக்காரர் நல்ல மனிதர். என்னைக் கேட்கக்கூட இல்லை. எண்ணெயை உள்ளங்கையில் ஊற்றிக்கொண்டு, தேய்த்துவிடுவதற்காக என் கழுத்துத் துணியை விலக்கினார். ஓட்டையைப் பார்த்தார். எண்ணெயின் காரம் நேரே அதற்குள் போக, நான் இருமினேன். எனக்கு இருமல் வாயால் வராது. அது கழுத்திலிருந்து புறப்பட்டு அவர் கையில் போய் விழுந்தது. அவர் அலறிய அலறலில் சீனர் திரும்பிப் பார்த்தார். கோப்பெங் என்கிற ஊருக்குச் சற்று முன்னால் கார் மெதுவாக, மரியாதையாக, இடது பக்கச் சக்கரங்களை ஓடைக்குள் இறக்கிக்கொண்டு நின்றது.

யாருக்கும் அடியில்லை. காரைத் தூக்க ஆள் வரும்வரை எல்லோரும் ஒரு காப்பிக்கடையில் உட்கார்ந்தோம். சீனர் எனக்கு எதிரே உட்கார்ந்து வெகுநேரம் ஓட்டையையே பார்த்துவிட்டு ஏதோ சொன்னார்.

"'அங்கின் வெளிய போறதுக்கு நல்ல வழி பண்ணி வச்சிருக்காங்க, ஒங்க ஊரு டாக்டரு கெட்டிக்காரன்'ங்கிறாரு" என்றார் பத்து காஜாக்காரர். என் நிகழ்ச்சிக்கு வந்த விமரிசனங்களில் இவ்வளவு தெளிவாக ஒன்றை நான் படித்ததில்லை.

என்னை வரவழைத்த டாக்டர் நடராசா யாழ்ப்பாணத்து வம்சம். அவருடைய அப்பா ரயில்வே வேலைக்கு வந்து அங்கேயே தங்கிவிட்டவர். வீடு முழுக்கப் புத்தகம், சுவர் முழுக்கப் பட்டதாரிகள். சாப்பாட்டுக்குப் பிட்டும் மீன் குழம்பும். சாப்பாடு முடிந்ததும் ஒரு டுரியான் பழத்தைப் பிளந்து வைத்துவிட்டு, குடும்பமே என் முகத்தைப் பார்த்துக்கொண்டு நின்றது. இந்தியாவிலிருந்து வருகிறவர்கள் அந்த வாடைக்கு மூக்கைப் பொத்திக்கொண்டு ஓடுவதைப் பார்ப்பது அவர்களுக்கு ஒரு பொழுதுபோக்கு என்று தெரிந்தது.

எனக்குத்தான் மூக்கு வழியே காற்றே போவதில்லையே. எந்த வாடையும் தெரியாது. வெண்ணெயில் சர்க்கரையைக் குழைத்த மாதிரி இருந்தது. சுளை சுளையாகத் தின்று தீர்த்தேன். அவர்களுக்குப் பெரிய ஏமாற்றம். ஊர்க் காப்பியின் மணத்தையும் மறுநாள் எல்லோரும் புகழ்ந்தார்கள். நானும் தலையாட்டிவைத்தேன்.

அன்று டுரியான் கையைக் கழுவிவிட்டு வந்ததும் டாக்டர் என்னைத் தனியாக உட்காரவைத்தார்.

"ஐயா, ஒளிக்காமல் சொல்லுறன். உங்களைக் கலைக்காக மட்டும் கூப்பிடேல்லை. சுங்கை சிப்புட்டில எனக்கு ஒரு பேஷண்ட் இருக்கிறார். கோவிந்தசாமி எண்டு பேர். லோரி ஓட்டுறவர். உங்களுக்கு வந்த அதே வருத்தம், அதே இடத்தில. குரல்வளையை எடுத்தால் தப்புவார். எடுக்காட்டி அடுத்த தைப்பூசம் பார்க்கமாட்டார். மாட்டன் எண்டு நிக்கிறார்."

"ஏன்?"

"உறுமி மேளத்துக்கு முன்னால நிண்டு பாடுறவர் அவர்தான். அவர் பாடினால்தான் அந்தப் பக்கத்தில காவடிக்காரருக்கு அருள் வரும். தொண்டை போனால் நான் ஆர் டாக்டர் எண்டு கேக்கிறார். எனக்குப் பதில் தெரியேல்லை. நீங்கள் காட்டுங்கோ."

ஆக நான் கலைஞன் இல்லை. ஜவுளிக்கடை வாசலில் சேலை கட்டி நிற்குமே, அந்தப் பொம்மை. கடுப்பாகத்தான் இருந்தது. ஆனால் டுரியான் தின்றாகிவிட்டது. தலையாட்டினேன்.

மறுநாள் ஈப்போவில் ஒரு மண்டபத்தில் 'ஓட்டை' நடந்தது. ஆசிரியர்கள், அரசாங்க உத்தியோகஸ்தர்கள், இஸ்திரி கலையாத சட்டைகள். வழக்கம்போல மேடையில் கண்ணாடி வைத்து முகச்சவரம் செய்தேன். கழுத்துத் துணியை அவிழ்த்தேன். ஒரு மெழுகுவத்தியை ஏற்றி, வாயை இறுக மூடிக்கொண்டு, கழுத்தால் ஊதி அணைத்தேன். கடைசியாக எழுந்து நின்று, ராஜபார்ட் முதல் காட்சியில் பாடிக்கொண்டு வருகிற பாட்டை, கையும் காலும் புருவமும் வாயும் முழுசாக அசைய, துளிச் சத்தமில்லாமல் பாடினேன். அது மட்டும் நடிப்பில்லை.

முடிந்ததும் ஒரு பெரியவர் எழுந்து, "இதன் மூலம் சமுதாயத்துக்குத் தாங்கள் சொல்ல வரும் கருத்து யாது?" என்று கேட்டார்.

அப்படி ஒன்று என்னிடம் இல்லை. காற்றை விழுங்கி, "சிகரெட். வேணாம்" என்றேன். மண்டபம் அதிரக் கைதட்டினார்கள்.

ஞாயிற்றுக்கிழமை சுங்கை சிப்புட் பக்கம் ஒரு தோட்டத்துக் கோயிலில் நிகழ்ச்சி. டாக்டரின் கார் அன்று பார்த்து ஒர்க்ஷாப்பில் படுத்துவிட்டது. கூட்டிப்போக லோரி வந்தது. ஓட்டிவந்தவர் கோவிந்தசாமியேதான். கட்டையான, கறுத்த, அகலமான மனிதர். முன்சீட்டில் டாக்டரோடு மூன்று பேரும் நெருக்கி உட்கார்ந்தோம். அவர் குரல் தகரத்தைத் தார்ரோட்டில் இழுப்பதுபோல இருந்தது. அந்தக் குரலை எனக்குத் தெரியும். ஆப்பரேஷனுக்கு முன்னால் எனக்கும் அதுதான் இருந்தது.

"நீங்கதான் அந்த நாடகக்கார அண்ணனா? டாக்டரு ஒங்கள எனக்குக் காட்டத்தான் கொண்டாந்துருக்காரு. தெரியும் லா. போன மாசம் படம் காட்டுனாரு. எல்லாம் வெள்ளக்காரனுங்க. கழுத்துல ஓட்டய வச்சிக்கிட்டு வரிசையா நின்னு சிரிக்கிறானுங்க."

டாக்டர் ஜன்னல் வழியாக இயற்கைக் காட்சிகளை ரசிக்க ஆரம்பித்தார்.

வழியெல்லாம் கோவிந்தசாமி திட்டிக்கொண்டே வந்தார். குறுக்கே வந்த மோட்டார்சைக்கிள்காரனை, முன்னால் போன பஸ்ஸை, ரோடு போட்ட கொந்தராக்டரை. திட்டும்போது மட்டும் அந்தக் கிழிந்த குரல் நிமிர்ந்து உட்கார்ந்தது. எங்கள் மதுரை டவுன்பஸ் டிரைவர்கள் இவரிடம் பாடம் கேட்கலாம்.

தோட்டம் என்று பெயர்தான். ரப்பர் மரங்களை வெட்டிவிட்டு எண்ணெய் எடுக்கிற செம்பனை போட்டிருந்தார்கள். லயம் என்கிற வரிசை வீடுகளில் பாதி பூட்டிக் கிடந்தன. சனங்கள் ஈப்போப் பக்கம் தொழிற்சாலைகளுக்குப் போய்விட்டார்கள். ஆனால் ஞாயிற்றுக்கிழமையானால் மோட்டார்சைக்கிளில் குடும்பம் குடும்பமாக மாரியம்மன் கோயிலுக்குத் திரும்பி வந்துவிடுகிறார்கள். ஆனை அளவு அண்டாவில் சோறு, பருப்பு, காரமான சம்பல். முதலில் சாப்பாடு, அப்புறம்தான் நாடகம் என்று கமிட்டி சொல்லிவிட்டது. எனக்கும் அதுதான் வசதி. சாப்பிட்டால் வசனம் நன்றாக வரும்.

ஒரே ஒரு சிக்கல். கோயில் மண்டபத்தில் மெழுகுவத்தி ஏற்றக்கூடாது என்றார்கள். அதற்குப் பதில் ஒரு தட்டில் கற்பூரம் வைத்துக் கொடுத்தார்கள். நானும் யோசிக்கவில்லை. சவரம் செய்தேன், துணியை அவிழ்த்தேன், கற்பூரத்தைக் கொளுத்தி, கழுத்தால் ஊதி அணைத்தேன்.

அணைத்த பிறகுதான் உறைத்தது, எங்கே நின்று என்ன செய்திருக்கிறேன் என்று. சாமி முன்னால் தீபத்தை வாயால் ஊதினால் எச்சில் பட்ட பாவம். நம் ஊராக இருந்தால் தூணில் கட்டிவைத்திருப்பார்கள். இங்கே ஒரு அக்கா எழுந்து, பக்கத்திலிருந்தவர்களுக்கு விளக்கினார்.

"வாயே படல பாத்தீங்களா. கழுத்தாலதான் ஊதுனாரு. எச்சி இல்ல, ஒண்ணுமில்ல. வாய்ப்பூட்டு போட்ட சாமி லா இது."

தைப்பூசத்துக்கு நாக்கில் அலகு குத்தி, மலையேறி இறங்கும்வரை வாய் திறக்காமல் இருப்பார்களே, அதுதான் வாய்ப்பூட்டு. நான் ஆயுசுக்கும் வாய்ப்பூட்டு போட்டுக்கொண்டவன், அலகைக் கழுத்திலேயே குத்தி எடுத்தவன் என்று முடிவாகிவிட்டது. "அரோகரா" என்றார்கள். நான் என் ராஜபார்ட் பாட்டைச் சத்தமில்லாமல் பாடப் பாட, முன்வரிசையில் கன்னத்தில் போட்டுக்கொண்டார்கள். பாட்டு முடிவதற்குள் விபூதி வாங்க வரிசை நின்றுவிட்டது.

கோபத்தில் சவரச் சோப்பை விரலில் தொட்டு, கண்ணாடியில் 'புற்றுநோய். ஆஸ்பத்திரியில் எடுத்தது' என்று எழுதிக் காட்டினேன். வரிசையில் முதலில் நின்றவர் எழுத்துக்கூட்டிப் படித்தார். "ஆமாங்க. ஆஸ்பத்திரி வழியாவும் சாமி எடுத்துக்கும்" என்று சொல்லிக் கையை நீட்டினார். இதற்கு மேல் நான் என்ன எழுதுவது?

அப்போதுதான் சரோஜா பக்கத்தில் வந்து குனிந்தார். கோவிந்தசாமியின் மனைவி. சட்டை தைக்கிற தொழிற்சாலையில் வேலை. தட்டில் விபூதியைக் கொட்டுகிற சாக்கில் சன்னமாகப் பேசினார்.

"அண்ணே, நீங்க சாமி இல்லன்னு எனக்குத் தெரியும். ஆனா அவங்களுக்கு இப்ப அது தெரிய வேணாம். 'முருகன் என் தொண்டயக் கேட்டான், குடுத்தேன், நீயும் குடு'ன்னு எம் வூட்டுக்காரர்ட்ட சொல்லுங்க. டாக்டரு சொல்லிக் கேக்கல. நான் அழுது கேக்கல. சாமி சொன்னா கேப்பாருண்ணே. பொய் சொன்ன பாவம் எனக்கு வரட்டும்."

டாக்டரைப் பார்த்தேன். விஞ்ஞானம் படித்த மனிதர், தடுப்பார் என்று நினைத்தேன். "சொல்லிப் போடுங்கோ" என்று மெல்லச் சொல்லிவிட்டுக் கோபுரத்தைப் பார்த்தார்.

முருகன் வேடம் நான் போடாததா? மயில் தோகையைக் கட்டிக்கொண்டு எத்தனை ஊரில் வள்ளியைத் துரத்தியிருக்கிறேன். அப்போதெல்லாம் பொய் என்று தோன்றியதே இல்லை. வேடத்தையெல்லாம் கழற்றிவைத்துவிட்டு, என் சொந்தக் கதையை, என் சொந்த உடம்பை வைத்து, உண்மையை மட்டும் சொல்வேன் என்று புறப்பட்டு வந்த இடத்தில் மறுபடியும் முருகன். ஆனால் சரோஜா விபூதித் தட்டை என் முன்னால் நகர்த்திவைத்துவிட்டு அங்கேயே நின்றார். கண்ணாடியைக் கவிழ்த்து வைத்தேன்.

கோவிந்தசாமியைக் கூட்டிவந்து எதிரே உட்காரவைத்தார்கள். நான் விபூதியை அள்ளிக் கையை உயர்த்தினேன். "முருகன்" என்றேன். "கேட்டான்." இன்னொரு மடக்குக் காற்று. "குடுத்தேன்." கடைசியாக, அடிவயிற்றிலிருந்து, "நீயும் குடு."

நல்ல நடிப்பு. என் நாடக வாத்தியார் பார்த்திருந்தால் மெச்சியிருப்பார். கோவிந்தசாமி என்னைப் பரிதாபமாகப் பார்த்தார்.

"அண்ணே, இங்க நான் பாடித்தான் எல்லாருக்கும் சாமி வருது. எனக்கு ஏப்பத்துல வருமா?"

சரோஜா முகத்தைத் திருப்பிக்கொண்டார். நான் அள்ளிய விபூதியைத் தட்டிலேயே திரும்பக் கொட்டினேன். இந்த நேரம் பார்த்து ஒரு வழுக்கைத் தலை எங்கள் இருவருக்கும் நடுவே நுழைந்தது.

"சாமி, முதல்ல நாலு ஏப்பம், அப்பறம் அவரு கேட்டதுக்கு ஏப்பமே இல்ல, நாலு, சைபருன்னு ரெண்டு நம்பர்தான் ஆச்சு. நாலு நம்பர் வேணும் சாமி. நாளைக்கே கட்டிருவேன்."

அங்கே நாலு இலக்க லாட்டரிதான் ஊர் மூச்சு. இந்த ஆள் இவ்வளவு நேரமும் பக்கத்தில் நின்று என் ஏப்பங்களை எண்ணிக்கொண்டிருந்திருக்கிறான். ஒருவன் சாவதா பிழைப்பதா என்று நாங்கள் பேசிக்கொண்டிருக்கிறோம், இவன் அதில் குலுக்கல் பார்க்கிறான். எனக்குத் தலைக்கு ஏறிவிட்டது. எழுந்தேன். வயிறு கொள்ளுமட்டும் காற்றை விழுங்கினேன்.

"மூதேவி. என். தொண்டைய. அறுத்தது. ஒனக்கு. நம்பர். சொல்லவாடா."

அவன் ஒரு அடி பின்னால் போனான். நான் இரண்டு அடி முன்னால் போனேன். "போடா. போ. வெளங்காதவனே. எடு. காலை." பருப்பும் சம்பலும் கைகொடுக்க, மதுரையில் விட்டுவந்த வசவுகள் எல்லாம் ஒவ்வொன்றாக, கட்டைக் குரலில் உருண்டு வெளியே வந்தன. விபூதித் தட்டு எங்கே பறந்தது என்று தெரியவில்லை. அவன் செருப்பை விட்டுவிட்டு ஓடினான். அவனுக்குப் பின்னால் வரிசையும் கலைந்து ஓடியது. கமிட்டிக்காரர் தூணுக்குப் பின்னால் போய் நின்றுகொண்டார்.

மண்டபம் காலியானதும் தகரத்தை இழுக்கிற சத்தம் கேட்டது. கோவிந்தசாமி வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்துக்கொண்டிருந்தார்.

"அண்ணே, ஒங்களுக்குக் கோவமெல்லாம் வருதா?"

"வரும்."

"எப்பவுமே இப்பிடித்தானா?"

"எம். பொண்டாட்டிய. கேளு."

அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். சிரிப்பு நின்றுபோயிருந்தது.

"நான் வேற என்னமோ நெனச்சிட்டேன். தொண்டய எடுத்துட்டா மனுசன் அந்தப் படத்து வெள்ளக்காரனுங்க மாரி ஆயிருவான், எவன் என்ன சொன்னாலும் பல்லக் காட்டிக்கிட்டு ஒரு மூலயில ஒக்காந்துருப்பான்னு. பாட்டு போனா போவுது லா. பாட வேற ஆளு வருவான். நான் அப்பிடி ஒக்காந்துருவேனோன்னுதான் எனக்குப் பயம்."

இத்தனை வருடம் நான் பார்த்துப் பார்த்துச் செதுக்கிய நிகழ்ச்சி அவரை அசைக்கவில்லை. முருகன் அசைக்கவில்லை. என் மனைவி தினம் தலையில் அடித்துக்கொள்கிற என் முன்கோபம் அசைத்துவிட்டது. இதை எந்தப் பத்திரிகை விமரிசகருக்கு எழுதிப்போடுவது?

"வேற என்னென்ன போவும்? மறைக்காம சொல்லுங்கண்ணே" என்றார்.

மறைக்காமல் சொன்னேன். வாசனை போகும். ஆற்றில் முங்கிக் குளிக்க முடியாது. சிரித்தால் சத்தம் வராது. அழுதாலும் வராது. முன்னால் போகிறவளைப் பின்னாலிருந்து கூப்பிட்டு நிறுத்த முடியாது. ஒவ்வொன்றாக, ஏப்பம் ஏப்பமாகச் சொல்லி முடிக்க வெகுநேரம் ஆயிற்று. கடைசியில் சொன்னதைக் கேட்டபோது மட்டும் கோவிந்தசாமி தலையைத் திருப்பி சரோஜாவைப் பார்த்தார். அப்புறம் டாக்டரிடம், "எப்ப போலாம்?" என்றார். மனம் மாறுவதற்குள் நாளைக்கே என்றார் டாக்டர்.

என் பயணத்தைத் தள்ளிவைத்துக்கொண்டு நானும் ஆஸ்பத்திரிக்குப் போனேன். பொம்மையாக வந்தவனுக்கு அங்கே வேலை ஒன்றும் இல்லை, போகாமல் இருக்க முடியவில்லை. பதிவு செய்கிற கவுண்டரில் ஒரு மலாய்ப் பெண்மணி, சாந்தமான முகம். அடையாள அட்டையைக் கையில் வைத்துக்கொண்டே, "நாமா?" என்று கேட்டார். பெயர் என்ன என்று அர்த்தம். அட்டையில் இருப்பதையே கேட்பதில் உலகத்துக் கவுண்டர்கள் எல்லாம் ஒன்றுதான்.

கோவிந்தசாமி வாயைத் திறந்தார். திறந்தவர் மூடிக்கொண்டார். என்னைப் பார்த்துக் கண் சிமிட்டினார். தன் தொண்டையைத் தொட்டுக் காட்டி, கையை விரித்து, மனைவியின் பக்கம் விரலை நீட்டினார். இனிமேல் நீதான் சொல்லவேண்டும், இப்போதே பழகு என்கிற விளையாட்டு.

சரோஜாவின் முகம் வெளிறிவிட்டது. கல்யாணமான நாளிலிருந்து அவர் புருஷன் பெயரைச் சொன்னதில்லை. யாராவது கேட்டால் அட்டையை நீட்டுவார், இல்லையென்றால் கூட இருப்பவரைச் சொல்லச் சொல்வார். சொன்னால் புருஷனுக்கு ஆயுசு குறையும். நம் ஊரிலும் அதே கதைதான், கப்பலேறி வந்தவர்கள் அதையும் மறக்காமல் கொண்டுவந்திருக்கிறார்கள். அதுவும் இன்றைக்கு, கத்தி வைக்கப்போகிற இடத்தில்.

"நீங்க சொல்லுங்கண்ணே" என்றார் என்னிடம்.

நான் காற்றை விழுங்கினேன். கோவிந்தசாமி வேண்டாம் என்று தலையசைத்தார். இப்போது அவர் முகத்தில் விளையாட்டு இல்லை. விழுங்கிய காற்றை நான் வார்த்தையில்லாமல் வெளியே விட்டேன்.

"நாமா, மக்சிக்?" என்றார் மலாய்ப் பெண்மணி மறுபடியும், அத்தை முறை வைத்து.

சரோஜா தாலியை ஒரு கையால் பொத்திக்கொண்டார். கண்ணை இறுக மூடிக்கொண்டார். "கோவிந்தசாமி" என்றார். பயத்தில் குரல் தேவைக்கு மேல் எழும்பிவிட்டது. பெஞ்சுகளில் இருந்தவர்கள் எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். மலாய்ப் பெண்மணி எழுதிக்கொண்டார்.

கோவிந்தசாமி மனைவியின் பக்கம் திரும்பினார். அப்புறம் அந்தக் கிழிந்த குரலில், வழியெல்லாம் ஊரையே திட்டிக்கொண்டு வந்த அந்தக் குரலில், மெதுவாகக் கேட்டார்.

"சரோஜா, இன்னொரு தடவ சொல்லு."